ந. முத்துசாமி: எழுத்தாளரா, இயக்குநரா, நாடகம் கற்பித்தவரா?

ஆங்கில இலக்கியம் படிக்கும் சென்னை மாணவி ஒருவர் கேட்டிருக்கிறார்: "நாடகம் எழுதுவது, இயக்குவது, கற்றுத்தருவது ஆகிய மூன்றையும் ஒருவர் வாழ்நாள் முழுவதும் இந்த ஊரில் இருந்துகொண்டு செய்ய முடியுமா? கூத்துப்பட்டறை என்ற நாடகக் குழுவை நடத்திய ந. முத்துசாமியைத்தான் எல்லாரும் உதாரணம் காட்டுகிறார்கள். அவரைப் பற்றி மேலும் கேட்டால் சினிமா நடிகர்களின் பெயர்களை அடுக்குகிறார்கள். உண்மையில் அவர் செய்த வேலை என்ன?"

முடியும். சுலபமாக முடியாது, ஆனால் முடியும். இரண்டாவது கேள்விக்கான பதிலில்தான் முதல் கேள்விக்கான விவரமும் இருக்கிறது என்பதால் முத்துசாமியிலிருந்தே தொடங்குகிறேன்.

சுருக்கமாகச் சொன்னால், அவர் எழுத்தாளராகத் தொடங்கினார். அவர் எழுதிய நாடகங்களை நடிப்பதற்கான நடிகர்கள் அப்போது தமிழில் இல்லை. அப்படிப்பட்ட நடிகர்களை உண்டாக்கும் வேலையில் இறங்கியவர், 1977இல் கூத்துப்பட்டறையைத் தொடங்கியதிலிருந்து 2018 அக்டோபர் 24 அன்று மறையும் வரை அதிலேயே இருந்தார். எண்பத்திரண்டு ஆண்டு வாழ்க்கையில் ஏறத்தாழ சரிபாதி அது. இயக்குநர் என்ற பொறுப்பு, எழுத்துக்கும் பயிற்சிக்கும் நடுவே அவரிடம் வந்து சேர்ந்தது. அவருடைய ஆகப் பெரிய ஆக்கம் எது என்று என்னைக் கேட்டால், எந்த ஒரு நாடகத்தின் பெயரையும் சொல்ல மாட்டேன். நாள்தோறும் காலையில் நடந்த பயிற்சியைத்தான் சொல்வேன்.

1936இல் பிறந்தவர். ஊர் புஞ்சை. இப்போது மயிலாடுதுறை மாவட்டத்தில் இருக்கிறது. அந்த ஊர்க் கோயில்தான் தேவாரப் பாடல் பெற்ற திருநனிபள்ளி. சுவாமியின் பெயர் நற்றுணையப்பர். பிற்காலத்தில் முத்துசாமி எழுதிய ஒரு நாடகத்தின் பெயர் 'நற்றுணையப்பன்'. சென்னையில் குடியேறிய பிறகும் அவர் எழுத்து புஞ்சையை விட்டு வெளியே வரவேயில்லை என்றுகூடச் சொல்லலாம். அவருடைய சிறுகதைகளைப் படித்தால் இது தெரியும். 'நீர்மை' தொகுப்பில் உள்ள கதைகளில் பெரிய சம்பவங்கள் கிடையாது. ஒரு தெரு, ஒரு வீட்டுத் திண்ணை, ஒரு குளம், அவற்றில் புழங்கும் மனிதர்கள் எப்படி உட்கார்கிறார்கள், எப்படித் திரும்பிப் பார்க்கிறார்கள் என்பதையே விடாமல் கவனித்துக்கொண்டிருக்கும் உரைநடை அது. மனிதர்களின் உடலசைவை இவ்வளவு கூர்ந்து பார்த்து எழுதிய ஒருவர் நாடகத்துக்கு வந்தது எனக்கு மிக இயல்பாகத் தோன்றுகிறது. கதை எழுதும்போதே அவர் நடிகர்களைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

சி.சு. செல்லப்பாவின் 'எழுத்து', சி. மணியின் 'நடை', பிறகு 'கசடதபற' என்று சிற்றிதழ்களின் வழியே வளர்ந்த தலைமுறை அவருடையது. அறுபதுகளின் இறுதியில் 'காலம் காலமாக', 'அப்பாவும் பிள்ளையும்' ஆகிய நாடகங்களை எழுதினார். பிறகு 'நாற்காலிக்காரர்', 'சுவரொட்டிகள்', 'உந்திச்சுழி', 'கட்டியக்காரன்', 'படுகளம்', 'இங்கிலாந்து' என்று தொடர்ந்தன. வாழ்க்கையின் அர்த்தமின்மையைத் தர்க்கமற்ற பேச்சால் காட்டும் ஐரோப்பிய அபத்த நாடகத்தின் சாயல் இவற்றில் இருப்பதாக அப்போதே விமர்சகர்கள் சொன்னார்கள். சாயல் இருக்கிறது, மறுக்க வேண்டியதில்லை. ஆனால் இந்த நாடகங்களில் பேசுகிறவர்கள் தஞ்சை மாவட்டத்துத் திண்ணையில் உட்கார்ந்து பேசுகிறவர்கள். ஒரே பேச்சைத் திருப்பித் திருப்பிப் பேசுவது, பதில் சொல்லாமல் இன்னொரு கேள்வி கேட்பது, சம்பந்தமில்லாத இடத்தில் சண்டைக்கு வருவது ஆகியவை நம் ஊர்ப் பேச்சில் நெடுங்காலமாக இருப்பவை. அவற்றைக் கேட்பதற்கு அவர் எந்த வெளிநாட்டுப் புத்தகத்தையும் நம்பியிருக்கவில்லை.

சிக்கல் வேறு இடத்தில் இருந்தது. இந்த நாடகங்களை யார் நடிப்பது?

எழுபதுகளில் சென்னையில் நாடகம் என்றால் சபா நாடகம். மேடையில் ஒரு சோபா, ஒரு டெலிபோன், பின்னால் வரவேற்பறைக்குரிய படுதா. மேலிருந்து மைக்குகள் தொங்கும். நடிகர் மைக்கின் கீழே வந்து நின்று வசனம் சொல்வார், சிரிப்பு அடங்கும் வரை காத்திருப்பார், அடுத்த வசனத்துக்குப் போவார். இதைக் குறைத்துச் சொல்லும் எண்ணம் எனக்கு இல்லை. சிரிப்பு எங்கே வரும், எவ்வளவு நேரம் நிற்கும் என்று கணக்கிடும் நேர்த்தி லேசில் வருவதல்ல. சபா நடிகர்களிடம் அது இருந்தது. மாலை வேலை முடிந்து வந்து, ஒத்திகை பார்த்து, ஆண்டுக்கணக்கில் நாடகம் போட்ட அவர்களுடைய உழைப்பை நான் மதிக்கிறேன். ஆனால் அந்த முறையில் கழுத்துக்குக் கீழே உடம்புக்கு வேலை கிடையாது. முத்துசாமியின் நாடகங்களிலோ வசனத்தில் பாதி அர்த்தம்தான் இருக்கும். மீதியை உடம்பு சொல்ல வேண்டும். சபா நடிகர் அந்த வசனத்தைச் சொன்னால் ஒன்றும் புரியாது. நல்ல குரல் வளம் உள்ளவர் சொன்னாலும் புரியாது.

இந்தக் கட்டத்தில்தான் அவர் தெருக்கூத்தைப் பார்க்கிறார். செய்யாறு அருகே உள்ள புரிசை கிராமத்தின் கூத்துக் குடும்பமான தம்பிரான் பரம்பரை ஆடிய கூத்து. அது அவரை உலுக்கிவிட்டது என்பதை அவருடைய கட்டுரைகளைப் படித்த எவரும் உணரலாம். கூத்தையும் நாடகத்தையும் பற்றி அவர் எழுதிய கட்டுரைகளின் தொகுப்பு 'அன்று பூட்டிய வண்டி'. நாடகம் பயில்கிறவர்கள் அவருடைய நாடகங்களுக்கு முன்பே இதைப் படிக்க வேண்டும் என்பது என் கருத்து.

கூத்தில் அவர் என்ன கண்டிருப்பார் என்பதைக் கூத்து பார்க்காதவர்களுக்காகக் கொஞ்சம் விவரிக்கிறேன். கர்ணன் வரப்போகிறான் என்று வைத்துக்கொள்ளுங்கள். இரண்டு பேர் ஒரு திரையைப் பிடித்துக்கொண்டு நிற்பார்கள். திரைக்கு மேலே கிரீடத்தின் நுனி தெரியும். கீழே சலங்கை கட்டிய கால்கள் தெரியும். நடுவில் உள்ள ஆள் தெரியமாட்டார். ஆர்மோனியமும் மிருதங்கமும் முகவீணையும் ஏறிக்கொண்டே போகும். திரைக்குப் பின்னாலிருந்து பாட்டு வரும். பின்பாட்டுக்காரர்கள் அதை வாங்கிப் பாடுவார்கள். திரைக்கு வெளியே நிற்கும் கட்டியக்காரன், வருவது யார் என்று சபைக்கு அறிவிப்பான், கேள்வி கேட்பான், கேலி செய்வான். இத்தனைக்கும் பிறகுதான் திரை விலகும். கல்யாண முருங்கை மரத்தில் செதுக்கி, கண்ணாடிச் சில்லுகள் பதித்த கிரீடமும் புஜக்கட்டையும் மார்புப் பதக்கமும் தரித்த ஒரு உருவம் சுழன்று வெளியே வரும். அதுவரை அந்த இடம் வெறும் தெருவாக இருந்தது. இனி அது குருக்ஷேத்திரம். மேடை அமைப்பு எதுவும் மாறவில்லை. நடிகரின் கால், மூச்சு, குரல் ஆகிய மூன்றும் சேர்ந்து இடத்தை மாற்றிவிட்டன.

தமிழ் நடிகனுக்கு ஒரு உடம்பு இருந்தது, நகரத்துக்கு வந்த நாடகம் அதைத் தவறவிட்டுவிட்டது என்பதுதான் முத்துசாமி இதிலிருந்து எடுத்துக்கொண்டது. கூத்தை அப்படியே நகர மேடையில் நகலெடுப்பது அவர் நோக்கமாக இருக்கவில்லை. கூத்து நடிகனின் உடம்பில் உள்ள ஆற்றலை நவீன நாடகம் நடிக்கும் ஒருவனுக்கு எப்படிக் கொடுப்பது என்ற கேள்விக்குத்தான் கூத்துப்பட்டறை பதில் தேடியது. புரிசைக் கண்ணப்பத் தம்பிரான் பட்டறை நடிகர்களுக்குக் கூத்து கற்றுக்கொடுத்தார். சிலம்பமும் களரியும் குரல் பயிற்சியும் உடன் சேர்ந்தன. வெளியிலிருந்து இயக்குநர்கள் வந்து நாடகங்களை இயக்கினார்கள். முத்துசாமியும் இயக்கினார். அவருடைய மகனும் ஓவியருமான மு. நடேஷின் ஒளியமைப்பும் அரங்க அமைப்பும் பட்டறை நாடகங்களுக்குத் தனித்த முகத்தைக் கொடுத்தன.

அவர் தனியாக நின்றார் என்று நினைத்துவிடக் கூடாது. அது தமிழ் நாடகம் முழுவதுமே கொதித்துக்கொண்டிருந்த காலம். 1977இல் காந்திகிராமத்தில் பேராசிரியர் சே. இராமானுஜம் முன்னின்று நடத்திய நாடகப் பயிற்சி முகாம் பலரை உருவாக்கியது. அடுத்த ஆண்டில் சென்னையில் ஞாநியின் பரீக்‌ஷா, மதுரையில் மு. இராமசாமியின் நிஜ நாடக இயக்கம் ஆகிய நாடகக் குழுக்கள் தொடங்கின. 1980இல் வங்காளத்திலிருந்து நாடகக்காரர் பாதல் சர்க்கார் வந்து, சென்னைக்கு அருகே ஓவியர்கள் வாழும் சோழமண்டலத்தில் பயிற்சி முகாம் நடத்தினார். மேடையே வேண்டாம், விளக்கு வேண்டாம், டிக்கெட் வேண்டாம், மக்கள் நடுவில் நின்று நடியுங்கள் என்ற அவருடைய வழி வீதி நாடகத்தை இங்கே பலப்படுத்தியது. பின்னர் பிரளயனின் சென்னைக் கலைக்குழு அந்த வழியில் நெடுந்தூரம் போனது. முத்துசாமி அந்தப் பக்கம் போகவில்லை. அரசியல் செய்தியை உடனடியாகச் சொல்லும் நாடகம் அவருடையது அல்ல. இதற்காக அவரைக் குறை சொன்னவர்கள் உண்டு. ஒவ்வொருவரும் ஒரே வேலையைச் செய்ய வேண்டும் என்று கேட்பதில் நியாயமில்லை என்று நினைக்கிறேன்.

நடிகருக்குப் பயிற்சி என்றால் என்ன என்பதை வெளியிலிருப்பவர்களுக்கு விளக்குவது கடினம். வசனம் மனப்பாடம் செய்வது, அழுது காட்டுவது என்று பலர் நினைக்கிறார்கள். கல்லூரி மாணவர்களோடு நான் செய்யும் ஒரு பயிற்சியைச் சொல்கிறேன். கையில் எதுவும் இல்லை. இடுப்பில் தண்ணீர் நிறைந்த குடம் இருப்பதாகக் கொண்டு அறையின் ஒரு மூலையிலிருந்து இன்னொரு மூலைக்கு நடக்க வேண்டும். முதல் தடவை எல்லாரும் முகத்தால் நடிப்பார்கள். புருவத்தைச் சுருக்குவார்கள், உதட்டைக் கடிப்பார்கள், பெருமூச்சு விடுவார்கள். குடம் இருக்காது, கஷ்டப்படும் முகம் மட்டும் இருக்கும். பிறகு நிஜமாகவே ஒரு குடத்தில் நீர் நிரப்பிக் கொடுப்பேன். இப்போது முகத்தில் ஒன்றுமே இருக்காது. குடம் இருக்கும் பக்கம் இடுப்பு வெளியே தள்ளும், உடம்பு எதிர்ப்பக்கம் சாயும், சும்மா இருக்கும் கை தானாக உடம்பை விட்டு விலகி நிற்கும், அடி சிறுத்துவிடும். தளும்பும்போது மட்டும் நடை ஒரு கணம் நின்று தொடரும். அதே நடையில் "தம்பி, கதவைத் திற" என்று சொல்லச் சொல்வேன். குரல் நெஞ்சிலிருந்து வராமல் வயிற்றிலிருந்து, குறுகிய மூச்சில் வெடுக்கென்று வரும். சொல்பவர் யார், கதவைத் திறக்க வேண்டியவர் அவருக்கு என்ன உறவு, இதற்கு முன்பு எத்தனை தடவை கேட்டிருக்கிறார் என்பதெல்லாம் அந்த மூன்று சொற்களில் வந்துவிடும். பிறகு குடத்தை வாங்கிக்கொண்டு, மறுபடி நடக்கச் சொல்வேன். அப்போது இல்லாத குடம் தெரிய வேண்டும். சிலருக்கு அன்றே தெரியும். பலருக்கு வாரக்கணக்கில் ஆகும்.

இந்தப் பயிற்சியில் நான் கற்றுத்தருகிறேனா, இயக்குகிறேனா, எழுதுகிறேனா? மூன்றும்தான். நடிகர் குடத்தோடு அந்த வசனத்தைச் சொல்வதைக் கேட்ட பிறகு, எழுதி வைத்திருந்த அடுத்த வசனம் பொய்யாகத் தெரியும். அதை மாற்றுவோம். முத்துசாமியின் வேலையை எழுத்து, இயக்கம், கல்வி என்று மூன்று கூறாகப் பிரிக்க முடியாமல் போவதற்கு இதுதான் காரணம்.

இங்கே இன்னொரு விஷயத்தையும் சொல்லியாக வேண்டும். முழுநேர நடிகர் என்றால் மாதம் பிறந்தால் வாடகை கொடுக்க வேண்டும். எண்பதுகளின் இறுதியில் ஃபோர்டு அறக்கட்டளையின் நிதி கிடைத்தபோதுதான் கூத்துப்பட்டறையால் நடிகர்களுக்கு மாதச் சம்பளம் கொடுத்து முழுநேரக் குழுவை நடத்த முடிந்தது. தமிழ் நவீன நாடகத்தில் அது பெரிய காரியம். மாலையில் அலுவலகக் களைப்போடு வருகிற ஒருவருக்கும், காலையிலிருந்து உடம்பைப் பயிற்றுவிக்கிற ஒருவருக்கும் உள்ள வேறுபாட்டை அந்த ஆண்டுகளில் சென்னை பார்த்தது. நிதி குறைந்த பிறகு அதே அளவில் தொடர முடியவில்லை. ஒரு மொழியின் நாடகம், வெளியிலிருந்து வரும் நிதி இருக்கும் வரைதான் முழுநேரமாக இயங்க முடிந்தது என்பது இன்றும் என்னை வருத்துகிறது. கோடிக்கணக்கான பார்வையாளர்கள் உள்ள மொழி இது.

இனி சினிமா. பசுபதி, கலைராணி, குரு சோமசுந்தரம், விமல், விதார்த் போன்றவர்கள் பட்டறையில் பயின்றவர்கள். விஜய் சேதுபதி அங்கே கணக்காளராகச் சேர்ந்து, பயிற்சியைப் பார்த்தபடியே நடிப்புக்குள் வந்தவர். இவர்களின் வெற்றி முத்துசாமிக்குப் பெருமைதான். ஆனால் அவருடைய வேலையை இந்தப் பட்டியலைக் கொண்டு அளப்பது அவருக்குச் செய்யும் அநீதி. சினிமாவில் பெயர் வாங்காமல், பள்ளிகளிலும் கல்லூரிகளிலும் சிறு நாடகக் குழுக்களிலும் இன்றுவரை நடிப்புக் கற்றுக்கொடுத்துக்கொண்டிருக்கும் பட்டறைக்காரர்கள் இருக்கிறார்கள். அவரிடம் கற்றதை அடுத்த கைக்கு மாற்றுகிறவர்கள் அவர்கள். நாடகம் கற்பிக்கும் ஒருவருக்கு அதைவிடப் பெரிய விளைவு என்ன இருக்க முடியும்?

அவர்மீது எனக்கு விமர்சனமும் உண்டு. அவருடைய பல நாடகங்கள் புதிய பார்வையாளர்களை வாசலிலேயே நிறுத்திவிடுகின்றன. நடிகர்கள் அபாரமாக ஆடிக்கொண்டிருப்பார்கள். பார்ப்பவர் எதைப் பிடித்துக்கொண்டு உள்ளே போவது என்று தெரியாமல் உட்கார்ந்திருப்பார். பயிற்சிக்குக் கொடுத்த கவனத்தில் ஒரு பங்கைப் பார்வையாளரை உருவாக்கவும் கொடுத்திருக்கலாம். இரண்டாவது, கூத்திலிருந்து நகர நாடகம் நிறைய எடுத்துக்கொண்டது. கூத்துக்கு எவ்வளவு திருப்பிக் கொடுத்தது? புரிசைக்கு அடையாளம் கிடைத்தது, வெளிநாட்டு மேடைகள் கிடைத்தன. மற்ற ஊர்களில் திரௌபதி அம்மன் கோயில் வாசலில் விடிய விடிய ஆடும் எத்தனையோ குழுக்களின் வாழ்வில் பெரிய மாற்றம் வரவில்லை. இதை முத்துசாமி ஒருவரின் குறையாகச் சொல்லவில்லை. நவீன நாடகக்காரர்கள் எல்லாரும் பதில் சொல்ல வேண்டிய கேள்வி இது.

எழுதுகிறவரே பயிற்றுவிக்கவும் செய்வது தமிழில் புதிதில்லை. சங்கரதாஸ் சுவாமிகள் 1918இல் மதுரையில் தொடங்கிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையில் சிறுவர்களை வைத்து நாடகம் நடத்தினார். டி.கே.எஸ். சகோதரர்கள் அங்கே வளர்ந்தவர்கள். 'அபிமன்யு சுந்தரி' நாடகத்தை ஒரே இரவில் அவர் எழுதி முடித்ததை டி.கே. சண்முகம் பதிவு செய்திருக்கிறார். எழுதியதோடு அவர் வேலை முடிந்துவிடவில்லை. பாட்டைச் சொல்லிக்கொடுத்து, வசனத்தைத் திருத்தி, சிறுவர்களை மேடைக்குத் தயார்ப்படுத்துவதும் சேர்ந்ததுதான் அவருடைய வேலை. சென்னையில் பம்மல் சம்பந்த முதலியார் 1891இல் சுகுண விலாச சபாவைத் தொடங்கினார். அவர் வழி வேறு. வழக்கறிஞராகவும் பிறகு நீதிபதியாகவும் இருந்துகொண்டு நாடகத்தை நடத்தினார். சோற்றுக்கு ஒரு தொழில், மனதுக்கு நாடகம் என்ற சென்னை வழக்கம் அங்கே தொடங்குகிறது. ஐம்பதுகளில் எஸ்.வி. சகஸ்ரநாமம் சேவா ஸ்டேஜை நடத்தி, பி.எஸ். ராமையா, தி. ஜானகிராமன் போன்ற எழுத்தாளர்களை மேடைக்கு அழைத்து வந்தார். நாடகக் கல்விக்காக ஒரு நிலையத்தையும் நடத்தினார். முத்துசாமியின் முயற்சிக்கு முன்னோடி என்று ஒருவரைக் காட்டச் சொன்னால் நான் சகஸ்ரநாமத்தைக் காட்டுவேன். அவரைப் பற்றி இன்று பேசுவோர் மிகக் குறைவு.

பல்கலைக்கழகம் வழியாக இதே மூன்று வேலைகளையும் செய்தவர்களும் உண்டு. சே. இராமானுஜம் டெல்லி தேசிய நாடகப் பள்ளியில் பயின்று, காந்திகிராமத்திலும் தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்திலும் பணியாற்றினார். 'வெறியாட்டம்' போன்ற நாடகங்களைத் தந்தார். திருக்குறுங்குடிக் கோயிலின் கைசிக நாடகம் மீண்டும் உயிர்பெற்றதில் அவர் பங்கு பெரிது. 2016இல் காலமானார். இந்திரா பார்த்தசாரதி, புதுச்சேரிப் பல்கலைக்கழகத்தில் சங்கரதாஸ் சுவாமிகள் பெயரிலான நாடகப் பள்ளி உருவானபோது அதற்குத் தலைமை ஏற்றார். இன்றைய சென்னையில், கல்லூரி ஆசிரியராக இருந்துகொண்டே இயக்குநராகவும் ஆய்வாளராகவும் இயங்கியதற்கு அ. மங்கை சிறந்த உதாரணம். கவிஞர் இன்குலாபின் 'ஔவை', 'மணிமேகலை' நாடகங்களை அவர் மேடையேற்றினார்.

கடல் தாண்டிப் பார்த்தால் பொறாமையாகவே இருக்கிறது. யாழ்ப்பாணத்தில் குழந்தை ம. சண்முகலிங்கம் 1978இல் நாடக அரங்கக் கல்லூரியைத் தொடங்கினார். 'மண் சுமந்த மேனியர்' போன்ற நாடகங்களை எழுதினார், ஆசிரியர்களுக்கும் மாணவர்களுக்கும் நாடகம் கற்பித்தார். இலங்கையில் 'நாடகமும் அரங்கியலும்' பள்ளியிலேயே தேர்வுப் பாடம். அதனால் நாடகம் படித்தவருக்கு ஆசிரியர் வேலை என்ற ஒரு வாசல் இருக்கிறது. தமிழ்நாட்டுப் பள்ளிகளில் நாடகம் அப்படி வேரூன்றவில்லை. ஆண்டு விழாவுக்கு முந்தைய வாரத்தில்தான் நம்மைக் கூப்பிடுகிறார்கள்.

ஆகவே சென்னையில் இந்தத் தொழிலில் இறங்க நினைக்கிற உங்களுக்கு என் நேரடியான பதில்: வருமானம் கற்பித்தலிலிருந்துதான் வரும். பள்ளிகள், கல்லூரிகளின் காட்சித் தொடர்பியல் துறைகள், தொண்டு நிறுவனங்கள், நடிப்புப் பயிற்சி நிலையங்கள் ஆகியவை அழைக்கும். நாடகம் போடுவதில் பணம் வராது, போகும். ஒத்திகைக்கு இடம் பிடிப்பதே பெரும்பாடு. மொட்டை மாடி, பள்ளி விட்டபின் கிடைக்கும் வகுப்பறை, பெசன்ட் நகர்க் கடற்கரை என்று அலைய வேண்டியிருக்கும். எழும்பூரில் 1896இல் கட்டிய மியூசியம் தியேட்டர் போன்ற அரங்கில் ஒரு மாலை நாடகம் போட, அரங்க வாடகை, விளக்கு, போக்குவரத்து என்று செலவு முன்னால் வந்து நிற்கும். அலியான்ஸ் பிரான்சேஸ் போன்ற சிறிய அரங்குகள் நமக்குத் தோதானவை. கற்பிக்கும் வேலையை, நாடகத்துக்குப் பணம் சேர்ப்பதற்கான இடைக்கால ஏற்பாடாக மட்டும் நினைத்தால் இரண்டு ஆண்டுகளில் சலித்துப் போவீர்கள். வகுப்பறையே உங்கள் ஒத்திகைக் கூடம் என்று கொண்டால் தாக்குப்பிடிப்பீர்கள். குழந்தைகளிடம் போகத் தயங்காதீர்கள். புதுச்சேரியில் வேலு சரவணன் குழந்தைகள் நாடகத்தையே வாழ்நாள் பணியாகக் கொண்டு, பள்ளி பள்ளியாகப் போய் நடித்தவர். குழந்தைகள் முன்னால் நிற்கிற நடிகருக்குப் பாசாங்கு செய்ய ஒரு நொடிகூடக் கிடைக்காது.

எழுதுவதை விட்டுவிடாதீர்கள். நாடகம் எழுதச் சொல்கிறேன். அதோடு நாடகத்தைப் பற்றியும் எழுதச் சொல்கிறேன். தமிழில் மகத்தான நிகழ்வுகள் நடந்து முடிந்து, பார்த்தவர்களின் நினைவைத் தவிர வேறு எங்கும் இல்லாமல் போய்விட்டன. எந்தப் பயிற்சி எந்த நடிகருக்கு உதவியது, எந்தக் காட்சி எப்படி மாறியது, விளக்கு எங்கே வைக்கப்பட்டது என்று ஒத்திகைக் குறிப்பேடு வைத்துக்கொள்ளுங்கள். முத்துசாமிக்கு சங்கீத நாடக அகாதெமி விருது கிடைத்தது, 2012இல் பத்மஸ்ரீ கிடைத்தது. ஆனாலும் அவருடைய பயிற்சி முறையை முழுமையாக அறிய விரும்பும் ஒருவர், இன்றும் அவரிடம் பயின்றவர்களைத்தான் தேடிப்போக வேண்டியிருக்கிறது. அவர்கள் நம்மிடையே இருக்கும்போதே கேட்டுப் பதிவு செய்ய வேண்டிய வேலை ஒன்று காத்திருக்கிறது. உங்களைப் போன்ற மாணவர்கள் அதை ஆய்வாக எடுத்துச் செய்தால் நாடகத்துக்குப் பேருதவி.

தொடங்குவதற்கு முதலில் 'நீர்மை' கதைகளைப் படியுங்கள், வாய்விட்டுப் படியுங்கள். அந்த நீண்ட வாக்கியங்களில் எங்கே மூச்சு வாங்குவது என்று கண்டுபிடிப்பதே ஒரு குரல் பயிற்சி. பிறகு 'அன்று பூட்டிய வண்டி'. அதன் பிறகு 'நாற்காலிக்காரர்'. நாடகத்தைத் தனியாக உட்கார்ந்து படிக்காமல் நாலு நண்பர்களைச் சேர்த்துக்கொண்டு வேடம் பிரித்துப் படித்தால்தான் அது திறக்கும்.

கூத்து பார்க்கப் போகிறீர்கள் என்றால் பங்குனி தொடங்கி ஆடி வரையிலான மாதங்கள் நல்லவை. காஞ்சிபுரம், செய்யாறு வட்டாரத்தில் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதக் கூத்து நடக்கும். சென்னையிலிருந்து காஞ்சிபுரம் வரை பஸ்ஸுக்குக் குறைவில்லை. அங்கிருந்து எந்த ஊரில் ஆட்டம் என்று விசாரித்துக்கொண்டு போகலாம். இரவு முழுவதும் இருங்கள். முதல் தடவை கதையோடு போங்கள். இரண்டாம் தடவை கட்டியக்காரனை மட்டும் பாருங்கள். ஆட்டம் தொய்ந்தால் அதைத் தூக்கி நிறுத்துவது, களைத்த நடிகருக்கு மூச்சு வாங்க நேரம் கொடுப்பது, தூங்கும் கூட்டத்தை எழுப்புவது, ராஜாவின் பேச்சை ஊர்க்காரனுக்குப் புரியவைப்பது என்று இயக்குநர் செய்யும் வேலையில் பாதியை அவர் வேடம் கட்டிக்கொண்டு, எல்லார் கண்ணெதிரிலும் செய்துகொண்டிருப்பார்.